குடும்பமும் கணக்கும்: வீட்டுக் கடனின் முழு விலை

சென்ற வாரம் ஒரு மாலைப் பொழுதில், முன்னொரு காலத்தில் நம்மிடம் கணிதம் பயின்ற மாணவர் ஒருவர் தம் மனைவியாரோடு நம் இல்லத்திற்கு வந்திருந்தார். அவர் இன்று ஓர் ஆசிரியர், வயது 38. மனைவியார் வைத்தியசாலையொன்றில் தாதியாகப் பணிபுரிகின்றார். இரு குழந்தைகள், இன்றுவரை வாடகை வீடு. சீதனமாக வந்த காணித் துண்டொன்று வெறுமையாகக் கிடக்க, அதில் வீடு கட்டுவதற்கு வங்கியொன்று 50 இலட்சம் ரூபா கடன் தர இணங்கியிருந்தது. அந்தக் கடிதத்தைக் காட்டி, வாழ்த்துப் பெற்றுச் செல்வதே அவர்கள் வந்த நோக்கம்.

வாழ்த்தினோம். தேநீர் அருந்தியபின் ஒரு கேள்வி கேட்டோம்: "கடனெல்லாம் தீரும் நாளில் நீங்கள் வங்கிக்கு மொத்தமாக எவ்வளவு கொடுத்திருப்பீர்கள்?"

"மாதம் 55,000 ரூபா, ஐயா. இருவரும் உழைக்கிறோம், எப்படியும் சமாளித்துவிடலாம்" என்றார் அவர்.

நாம் கேட்டது அதுவன்று. மாதம் எவ்வளவு என்பது ஒரு கேள்வி. மொத்தம் எவ்வளவு என்பது வேறொரு கேள்வி. கணிதம் கற்பித்தவர் என்ற உரிமையில் மீண்டும் கேட்டோம். அவர் சற்றுத் தயங்கி, "நூற்றுக்குப் 12 வீத வட்டி, ஐயா. ஓர் அறுபது, எழுபது இலட்சம் வருமா?" என்றார். மனைவியார் யாதும் பேசாமல் கைப்பையிலிருந்து பேனா ஒன்றை எடுத்தார்.

அன்று மாலை நாம் மூவரும் அமர்ந்து போட்ட கணக்கையே இவ்வாரம் வாசகர் முன் வைக்கின்றோம். வீடு கட்ட எண்ணியிருக்கும் குடும்பங்கள் மட்டுமன்றி, பாடசாலையிற் கூட்டுவட்டி பயிலும் மாணவர்களும் இதனைப் பொறுமையுடன் படித்தல் நன்று.

கண்ணுக்குத் தெரிந்த வட்டி

யாழ்ப்பாணத்து வழக்கங்களை ஒல்லாந்தர் 1707 ஆம் ஆண்டிற் தேசவழமை என்ற பெயரில் எழுதித் தொகுப்பித்தனர். அதிலே ஒற்றி என்றொரு முறை கூறப்படுகின்றது. காணியை ஒற்றி வைத்துப் பணம் பெற்றவர் தனியே வட்டி கொடுப்பதில்லை. பணம் கொடுத்தவர் அக்காணியின் விளைவை வட்டிக்கு ஈடாக அனுபவிப்பார். முதலைத் திருப்பிக் கொடுக்கும்போது காணி மீளும்.

அந்த முறையிலும் துன்பம் இருந்தது. ஆயினும் அதில் ஒரு தெளிவும் இருந்தது. தாம் நட்ட தென்னையின் காயை வேறொருவர் பறித்துச் செல்வதையும், தம் வயலின் நெல் வேறொருவர் வண்டியில் ஏறுவதையும் கடன்பட்டவர் போகம் தோறும் கண்ணாரக் கண்டார். கடனின் விலை இன்னதென அவருக்கு எவரும் எடுத்துரைக்க வேண்டியிருக்கவில்லை.

இன்று நாம் வங்கியிலே ஈடு வைக்கும்போது வீட்டில் நாமே வாழ்கின்றோம். முற்றத்து மாங்கனியை நாமே உண்கின்றோம். வட்டியோ சம்பளக் கணக்கிலிருந்து ஓசையின்றிக் கழிந்துவிடுகின்றது. கண்ணுக்குத் தெரியாத வட்டியைக் கணக்கினாலேதான் காண இயலும்.

இருபது ஆண்டுகளின் கணக்கு

வங்கியின் கணக்கில் மாயம் எதுவும் இல்லை. மாத முடிவில் எவ்வளவு முதல் நிலுவையாக உள்ளதோ அதற்கு ஒரு மாத வட்டி கணிக்கப்படும். நாம் செலுத்தும் தவணையில் முதலில் அவ்வட்டி கழியும்; எஞ்சியதே முதலைக் குறைக்கும். இவ்வளவுதான் விதி. ஆனால் அதன் விளைவைத்தான் பலரும் எண்ணிப் பார்ப்பதில்லை.

கடன் 50 இலட்சம் ரூபா. வட்டி ஆண்டுக்கு நூற்றுக்கு 12, அதாவது மாதத்திற்கு நூற்றுக்கு 1. காலம் 20 ஆண்டுகள். வட்டி வீதம் மாறாதிருப்பின் மாதத் தவணை 55,054 ரூபா. இதனை 240 மாதங்களாற் பெருக்கினால் வருவது 1 கோடி 32 இலட்சத்து 13,000 ரூபா. வாங்கியது 50 இலட்சம். வட்டியாகக் கொடுப்பது 82 இலட்சத்திற்கு மேல். ஒரு வீட்டைக் கட்டுவதற்கு இரண்டரை வீட்டின் விலையைக் கொடுக்கின்றோம் என்பதே இதன் பொருள்.

அப்பணம் எந்த ஒழுங்கிற் செல்கின்றது என்பதையும் காண்போம். முதல் மாதத் தவணையில் 50,000 ரூபா வட்டிக்கே போய்விடுகின்றது. முதலைக் குறைப்பது 5,054 ரூபா மட்டுமே. ஐந்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமற் செலுத்தினால் 33 இலட்சம் ரூபா கொடுத்திருப்போம். ஆனால் கடன் குறைந்திருப்பது 4 இலட்சத்து 13,000 ரூபா. பத்தாண்டு முடிவில், அதாவது காலத்திற் பாதி கழிந்தபின்னும், 38 இலட்சத்து 37,000 ரூபா நிலுவையாக நிற்கும். கடனிற் பாதி தீர்வதற்குப் பதினைந்து ஆண்டுகள் ஆகும். மறுபாதி எஞ்சிய ஐந்தே ஆண்டுகளில் தீர்ந்துவிடும்.

இந்த இடத்தில் நம் மாணவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். "ஐந்து வருடம் கட்டியபின் ஏதாவது காரணத்தால் வீட்டை விற்க வேண்டி வந்தால், ஏறக்குறைய முழுக் கடனும் அப்படியே இருக்குமே!" என்றார் மனைவியார். உண்மை. தொடக்க ஆண்டுகளில் நாம் வீட்டிற்காகக் கொடுப்பது சிறிது. பணத்தை வைத்திருப்பதற்கான வாடகையாகக் கொடுப்பதே பெரிது.

தவணை குறைந்தால் இலாபமா?

கடன் பெறச் செல்வோரிற் பலர் காலத்தை நீட்டித் தவணையைக் குறைக்குமாறு கேட்கின்றனர். அதன் விலையைக் காண்போம். அதே 50 இலட்சத்தை, அதே வட்டிக்கு, 30 ஆண்டுகளுக்கு நீட்டினால் மாதத் தவணை 51,431 ரூபா. மாதத்தில் மீதமாவது 3,600 ரூபா அளவே. ஆனால் மொத்தமாகக் கொடுப்பது 1 கோடி 85 இலட்சம் ரூபாவாக உயர்கின்றது. அந்தச் சிறு ஆறுதலின் விலை 53 இலட்சம் ரூபா. நம் மாணவரைப் பொறுத்தவரை 68 வயதுவரை கடன்காரராயிருப்பதும் அதனோடு சேரும். அக்காலத்திற் கையில் வருவது சம்பளமன்று, ஓய்வூதியம்.

இனி மறுபக்கம் பார்ப்போம். காலத்தை 15 ஆண்டுகளாகச் சுருக்கினால் மாதத் தவணை 60,008 ரூபா. மாதத்திற்கு ஏறக்குறைய 5,000 ரூபா மிகுதி. மொத்தமோ 1 கோடி 8 இலட்சம் ரூபா. 24 இலட்சம் ரூபா மீதமாகின்றது. ஐந்து ஆண்டுகள் முன்னரே உறுதி வீட்டிற்குத் திரும்புகின்றது.

ஆகவே வங்கி முகாமையாளரின் மேசைக்கு முன்னால் அமரும்போது, "மாதம் எவ்வளவு?" என்று மட்டும் கேட்டுத் திருப்தியடைதல் ஆகாது. எத்தனை ஆண்டு என்பதே கடனின் உண்மையான விலையைத் தீர்மானிக்கின்றது.

முற்பணத்தின் வலிமை

கணக்கு அச்சுறுத்துவது மட்டுமன்று, வழியும் காட்டுகின்றது. முன்னர் கூறிய இருபதாண்டுக் கடனில் இரண்டாம் மாதத் தவணையில் முதலுக்குச் சேரும் பங்கு 5,105 ரூபா. முதலாம் மாதத் தவணையோடு இந்த 5,105 ரூபாவையும் சேர்த்துச் செலுத்திவிட்டால், கடன் இரண்டாம் மாத முடிவில் நிற்க வேண்டிய இடத்துக்கு அப்பொழுதே வந்துவிடுகின்றது. முடிவில் 55,054 ரூபாத் தவணை ஒன்று அற்றுப்போகின்றது. ஐயாயிரம் ரூபா கொடுத்து, ஐம்பத்தையாயிரம் ரூபாவைத் தவிர்க்கின்றோம்.

ஆனால் இந்த வலிமை காலம் செல்லச் செல்லக் குறையும். பத்தாண்டு கழிந்தபின் ஒரு தவணையை நீக்க 16,700 ரூபா அளவும், பதினைந்து ஆண்டு கழிந்தபின் 30,000 ரூபாவுக்கு மேலும் வேண்டும். ஆதலின் மிகைப்பணம் செலுத்துவதாயின் தொடக்க ஆண்டுகளிற் செலுத்துதலே அறிவுடைமை. வருடப் பிறப்புக்கோ தீபாவளிக்கோ கைக்கு வரும் சிறு தொகையும் அங்கே பெருந் தொகையாகின்றது. இதற்கு மூன்று நிபந்தனைகளை முன்னரே உறுதிப்படுத்தல் வேண்டும்: பகுதியளவான முற்பணத்தை வங்கி ஏற்குமா, அதற்குத் தண்டப்பணம் அறவிடுமா, ஏற்கும் பணத்தை முதலிலே உடன் கழிக்குமா. வாய்மொழி போதாது, எழுத்திற் பெறுக.

வீதம் மாறினால்

இதுவரை வட்டி வீதம் மாறாது எனக் கொண்டோம். கடிதத்தை மீண்டும் வாசித்த மனைவியார் சிறிய எழுத்தில் இருந்த ஒரு வரியைக் கண்டார். 12 வீதம் என்பது முதல் ஐந்து ஆண்டுகளுக்கு மட்டுமே. அதன்பின் சந்தை வீதத்தைத் தழுவி மாறும்.

சந்தை வீதம் எவ்வளவு மாறக்கூடும் என்பதை இலங்கையர் 2022 ஆம் ஆண்டிற் கண்டோம். அவ்வாண்டு ஏப்பிரல் 8 ஆம் திகதி மத்திய வங்கி, தான் வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் துணைநில் வீதத்தை 7.5 இலிருந்து 14.5 ஆக ஒரே நாளில் உயர்த்தியது. யூலையில் அது 15.5 ஆகவும், 2023 மார்ச்சில் 16.5 ஆகவும் ஏறியது. பொதுமக்கள் செலுத்தும் வட்டி அதற்கும் மேலே நின்றது. நம் உறவினர் ஒருவரின் மாதத் தவணை அக்காலத்தில் ஏறக்குறைய இரட்டித்தது. அவருடைய சம்பளம் இரட்டிக்கவில்லை. மூத்த மகளின் தனிவகுப்புக்களை நிறுத்தி, தாயின் காப்பொன்றை விற்று அவர் அந்த ஆண்டைக் கடந்தார்.

கணக்கு கூறுவதும் அதுவே. ஐந்தாண்டு முடிவில் நிலுவை 45 இலட்சத்து 87,000 ரூபா. அப்போது வட்டி 24 வீதமானால் ஒரு மாத வட்டி மட்டுமே 91,000 ரூபாவைத் தாண்டும். பழைய 55,054 ரூபாத் தவணை வட்டிக்கே போதாது. குறித்த காலத்திற் கடன் தீர வேண்டுமாயின் மாதம் 94,000 ரூபாவுக்கு மேற் செலுத்த வேண்டும். 2023 யூன் முதல் மத்திய வங்கி தன் வீதங்களைப் படிப்படியாகக் குறைத்தது. ஆயினும் வீதம் ஏறும்போது ஏறும் தவணை, இறங்கும்போது தானாகவே இறங்கும் என எண்ணியிருத்தல் கூடாது. ஒப்பந்தத்தைப் பார்த்து, வங்கிக்கு எழுதிக் கேட்டல் வேண்டும்.

தவணை தவறினால் நேர்வதையும் மறைத்தல் முறையன்று. 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டம், ஈடாக வைத்த சொத்தை நீதிமன்றம் செல்லாமலே பகிரங்க ஏலத்தில் விற்கும் அதிகாரத்தைச் சில வரையறைகளுடன் வங்கிகளுக்கு அளித்தது. ஆதலின் தவணை தவறுமெனத் தோன்றும் பொழுதே வங்கிக்குச் சென்று பேசுதல் வேண்டும். கடிதங்களைத் திறவாமல் அலுமாரியில் வைத்தல் எவரையும் காப்பாற்றியதில்லை.

அப்படியாயின் கடனே வேண்டாமா?

இவ்வாறு எழுதுவதால் நாம் வீட்டுக் கடனை வெறுப்பவர் என வாசகர் கருதலாகாது. கடனில்லாமல் வீடு கட்டக்கூடியவர் நம்மிடையே மிகச் சிலரே. வாடகைக்குக் கொடுக்கும் பணமும் திரும்பி வருவதன்று. காசைச் சேர்த்து முடித்தபின் கட்டுவோம் என்று காத்திருந்தவரைச் சீமெந்தின் விலை முந்திக்கொண்டதையும் கண்டிருக்கின்றோம்.

இன்னும் ஒன்று. இன்றைய ரூபாவும் இருபது ஆண்டு கழித்து வரும் ரூபாவும் ஒன்றல்ல. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண், ஓராண்டுக்கு முந்தியதைவிட நூற்றுக்கு 70 அளவில் உயர்ந்திருந்தது. பணத்தின் மதிப்பு விழ, சம்பளம் உயர, மாறாத தவணையொன்று காலப்போக்கில் இலேசாகின்றது. ஆகவே 1 கோடி 32 இலட்சம் என்ற தொகையை இன்றைய பணமாகவே எண்ணி அஞ்சுதலும் பிழையே. ஆனால் இந்த ஆறுதல் சம்பளம் உயர்பவர்க்கும், தவணை மாறாதவர்க்குமே உரியது. விலைவாசியோடு வட்டியும் ஏறுமாயின், அந்த ஆறுதலும் பறிபோகும்.

ஆகவே நாம் கூறுவது இதுவே: கடன் பெறுக, ஆனால் அதன் முழு விலையை அறிந்து பெறுக. சந்தையிற் கத்தரிக்காய் வாங்கும்போது கிலோ என்ன விலை என்று கேட்டு, நிறையையும் பார்த்து வாங்குகின்றோம். வாழ்நாளிலே வாங்கும் மிகப் பெரிய பொருளை மட்டும் விலை கேளாமல் வாங்கலாமா?

கேட்க வேண்டியவை

கையொப்பம் இடுமுன் ஒவ்வொரு குடும்பமும் சிலவற்றைக் கேட்டு எழுதிக்கொள்ளுதல் வேண்டும். முதலாவது, கடன் தீரும்வரை கொடுக்க வேண்டிய மொத்தத் தொகை யாது? இரண்டாவது, வட்டி எத்தனை ஆண்டுகளுக்கு மாறாது நிற்கும். பின்னர் எதனைத் தழுவி மாறும். அதற்கு உச்ச வரம்பு உண்டா? மூன்றாவது, மாதந்தோறும் வட்டி எவ்வளவு, முதல் எவ்வளவு எனக் காட்டும் அட்டவணையைத் தருவார்களா? நான்காவது, முற்பணம் செலுத்துவதற்கும், கடனை வேறு வங்கிக்கு மாற்றுவதற்கும் அறவிடும் கட்டணம் என்ன?

இவற்றோடு உறுதி ஆராய்தல், மதிப்பீடு, நொத்தாரிசுக் கட்டணம், வீட்டிற்கும் கடன்படுபவரின் ஆயுளுக்குமான காப்புறுதி ஆகிய செலவுகளும் உண்டு. இவை தொடக்கத்திலேயே கையிலிருந்து செல்பவை. வீட்டுப் படத்திலே இவற்றுக்கு இடமில்லை. ஆனால் ஆயுட் காப்புறுதியை வீண் செலவெனக் கருதுதல் தவறு. உழைப்பவர் இடையில் மறைந்தால், கடன் பிள்ளைகளின் கூரையின் மேல் விழாதபடி தடுப்பது அதுவே.

வட்டி வீதம் கூடினாலும் தாங்குமா என்பதை வீட்டிலேயே சோதித்துப் பார்க்கலாம். கடன் பெறுவதற்கு முன் ஆறு மாதங்களுக்கு, வாடகையும் சேமிப்பும் சேர்ந்து வரப்போகும் தவணைக்குச் சமமாகும்படி பணத்தை வேறாக எடுத்து வையுங்கள். ஆறு மாதம் இடர்ப்படாமல் ஓடினால் அத்தவணை உங்களுக்கு ஏற்றது. மூன்றாம் மாதத்திலேயே கடைக்காரரிடம் கடன் சொல்ல நேர்ந்தால், வீட்டின் அளவைக் குறைத்தல் வேண்டும்.

அன்று மாலை நடந்தது

நம் மாணவரின் வீட்டுப் படத்திலே முன்புறத்தில் ஒரு போர்ட்டிகோவும், விருந்தினருக்கென ஓர் அறையும் இருந்தன. "இவற்றை இப்பொழுது விட்டால் எவ்வளவு குறையும்?" என்று மனைவியார் கேட்டார். பத்து இலட்சம் அளவிற் குறையும் என்றார் கணவர். 40 இலட்சத்தை 15 ஆண்டுகளுக்குக் கணக்கிட்டோம். மாதத் தவணை 48,007 ரூபா. மொத்தம் 86 இலட்சத்து 41,000 ரூபா. தவணையும் குறைந்தது, காலமும் குறைந்தது, மொத்தத்தில் ஏறக்குறைய 46 இலட்சம் ரூபா குறைந்தது. மீதமாகும் 7,000 ரூபாவை மாதந்தோறும் வேறு கணக்கில் இட்டு, வீதம் மாறும் ஆறாம் ஆண்டிற்கு ஆயத்தமாக இருக்கவும் எண்ணினர்.

கணவருக்குப் போர்ட்டிகோவை விட மனமில்லை என்பது முகத்தில் தெரிந்தது. "அத்திவாரத்தை மட்டும் இட்டு வைப்போம். மூத்தவன் உழைக்கத் தொடங்கும்போது அவனே கட்டட்டும்" என்றார் மனைவியார். அவர் அதனை விளையாட்டாகவே சொன்னார். ஆனால் அன்று அம்மேசையிற் பேசப்பட்டவற்றுள் மிகச் சிறந்த வார்த்தை அதுவே எனக் கருதுகின்றோம்.

இனி மாணவ வாசகருக்கு ஒரு வேலை. அப்பியாசக் கொப்பியொன்றில் நான்கு நிரல்கள் கீறுங்கள்: நிலுவை, வட்டி, முதலுக்குச் சேர்வது, புதிய நிலுவை. 50 இலட்சத்தில் தொடங்கி, நூற்றுக்கு 1 வீதம் வட்டி கண்டு, 55,054 இலிருந்து அதனைக் கழித்துப் பன்னிரண்டு மாதங்களுக்குப் போட்டுப் பாருங்கள். முதலாண்டு முடிவில் கடன் எவ்வளவு குறைந்ததெனக் கண்டபின், அக்கொப்பியை உங்கள் தாய் தந்தையரிடம் காட்டுங்கள். உங்கள் வீட்டில் ஈட்டுக் கடன் ஒன்று இருக்குமாயின், அன்றிரவு அவர்களுக்கு உங்களோடு பேச விடயம் இருக்கும்.